கடைசிக் காம்பிராவின் இஸ்தோப்பு

இலங்கை மலையகத்து றொசல்லயில் ரயிலிறங்கி, கைக்குழந்தையோடு மலையேறி வந்த ராக்காயிக்குக் கிடைத்தது தேயிலைத் தோட்டத்து லயத்தின், அந்த வரிசை வீடுகளின், கடைசிக் காம்பிரா. இரண்டு வருடமாக ஆள் குடியிருக்காத வீடு. புருஷனைப் பறிகொடுத்தவள்; அந்தக் காம்பிரா வேண்டாமென்றால் வேலையும் இல்லை என்று கங்காணி சொல்லிவிட்டார்.

உள்ளறை பரவாயில்லை. வாசலை ஒட்டிய திறந்த தாழ்வாரமான இஸ்தோப்பில்தான் கால் வைக்க முடியவில்லை. ஈர விறகிலும் மக்கிய சாக்கிலும் சுவர் வெடிப்பிலும் கரப்பான் பூச்சி. சிக்குப் பிடித்த எண்ணெய் போல ஒரு நாற்றம்.

பக்கத்துக் காம்பிரா அம்மாக்கண்ணு குரலைத் தாழ்த்தினாள்.

"இந்த இஸ்தோப்பு மூலையக் கிளறாத புள்ள. முன்ன இங்க குடியிருந்த செல்லசாமி அங்கதான் செத்தாரு. பேதி கண்டுச்சு. ஒட்டிக்கிரும்னு பயந்து வெளியில போட்டோம். மூணு நாளு தண்ணி கேட்டாரு. யாரும் கிட்டப் போகல. பூச்சிதான் போச்சு."

ராக்காயி ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் குழந்தையை உள்ளே கிடத்திவிட்டு, விறகையும் சாக்கையும் முற்றத்தில் இழுத்துப் போட்டுக் கொளுத்தினாள். வெடிப்புகளில் கொதிக்கக் கொதிக்கத் தண்ணீர் ஊற்றினாள்.

பூச்சிகள் பொலபொலவென்று கொட்டின. ஆனால் வெளியே ஓடவில்லை.

பனிமூட்டம் லயத்தின் மேல் இறங்கி வெளிச்சம் மங்கியது. சரசரவென்று அவை மூலையில் ஒன்றன்மேல் ஒன்றாக ஏறின.

தலை.

தோள்.

மடக்கிய கால்கள்.

ஓர் ஆள் ஒருக்களித்துப் படுத்திருந்தான்.

"தண்ணி..."

அம்மாக்கண்ணுவின் கதவு படாரென்று சாத்திக்கொண்டது. உள்ளே குழந்தை அழுதது. அந்தக் கறுத்த தலை, அழுகை வந்த பக்கம் மெல்லத் திரும்பியது.

ராக்காயி வாசலை மறித்து நின்றாள்.

"நான் ஒங்கள வெளியில போடலங்க. ஆனா ஒங்களுக்குப் பயந்து எம்புள்ளயத் தூக்கிக்கிட்டு ரோட்டுல நிக்கவும் மாட்டேன். தண்ணி தாரேன். குடிச்சிட்டு இந்தப் பூச்சிகள அனுப்பிருங்க."

வாசலோரக் குடத்திலிருந்து தேங்காய்ச் சிரட்டையில் மொண்டு, வாய் இருக்கவேண்டிய இடத்தில் நீட்டினாள். பூச்சிகள் முழங்கை வரை ஏறின. அவள் கையை எடுக்கவில்லை.

சிரட்டை காலியானது. உருவம் குலைந்து, பூச்சிகள் மல்லாந்து உதிர்ந்தன. அத்தனையையும் கூட்டி நெருப்பில் தள்ளினாள்.

மறுவாரம் வெடிப்புகளை அடைத்துச் சுண்ணாம்பு அடித்து, அங்கே ஒரு சாக்குக் கட்டில் போட்டாள். ஒரு பூச்சிகூட இல்லை.

சாயங்காலம் குழந்தையை மடியில் போட்டுக்கொண்டு கட்டிலின் ஒரு முனையில் உட்கார்ந்தாள்.

மறுமுனையில் சாக்கு மெல்லப் பள்ளமானது.

ராக்காயி திரும்பிப் பார்க்கவில்லை.

"ஆடாம ஒக்காருங்க," என்றாள். "புள்ள தூங்குது."