படையலில் வைத்த கொன்ட்ரோலர்

பென் டிரைவில் யசோதினி போட்டது ஆறு கேம். டீவித் திரையில் ஏழு வரி இருந்தது.

ஏழாவது வரியில் பெயர் இல்லை. ஆனாலும் வரி இருந்தது. கொன்ட்ரோலரில் கீழ் அம்புக்குறியை அழுத்தினால், மஞ்சள் பட்டை ஆறாவது பெயரைத் தாண்டி இன்னும் ஒரு படி இறங்கி, வெறும் கறுப்பின் மேல் போய் நின்றது. அவள் இரண்டு தரம் எண்ணிப் பார்த்தாள். எண்ணத் தெரியாதவள் அல்ல. செங்கலடியில் ஒரு தையல் நிலையத்தில் நாளைக்கு நூறு சட்டைக் கழுத்து எண்ணிக் கட்டுகிறவள். முதல் தரம் தனியாகச் செய்கிற வேலை, எங்கேயோ கை தவறியிருக்கும் என்று நினைத்துக்கொண்டாள்.

வெளியே மூன்று நாளாக மழை. பிற்பகல் மூன்று மணிக்கே வீட்டுக்குள் விளக்குப் போட வேண்டியிருந்தது. தகரக் கூரையில் விழுகிற மழையின் இரைச்சலுக்கு அடியில், ஒழுங்கையின் முடிவில் வாவி நிரம்பி வேலிக் கம்பிகளில் தட்டுகிற சத்தமும், அடுத்த வளவில் கட்டியிருந்த மாடு ஈரத்தில் கால் மாற்றி நிற்கிற சத்தமும், எல்லாவற்றுக்கும் கிட்டத்தில், டீவி மேசையில் இருந்த அந்தப் பழைய கேம் பெட்டிக்குள் ஏதோ மெதுவாகச் சுற்றுகிற சத்தமும் கேட்டுக்கொண்டிருந்தன. பெட்டிக்குள் சீடி இல்லை. சீடி வாசிக்கிற கண் செத்து இரண்டு வருடமாகிறது.

பாயில் சப்பணம் கட்டி இருந்த விதுர்ஷா திரையையே பார்த்துக்கொண்டிருந்தாள். யசோதினியின் ஒரே மகள். ஏழு வயது. பத்தொன்பது நாளாக ஒரு வார்த்தை பேசவில்லை.

பெட்டி பிரதீஸுடையது. யசோதினியின் தம்பி. வாழைச்சேனையில் யாரோ கழித்துவிட்ட பி.எஸ். டூவை ஒரு சாக்கில் சுற்றிக்கொண்டு வந்து, வீடியோ பார்த்துப் பார்த்து, மெமரி கார்டில் ஒரு புரோகிராமை ஏற்றி, சீடியே இல்லாமல் பென்னிலிருந்து ஓட வைத்துவிட்டான். இன்ரநெற்றில் சும்மா கிடைப்பதை எல்லாம் இரவிரவாக இறக்கிப் போடுவான். ஒவ்வொரு கேமுக்கும் அவனே பெயர் மாற்றுவான். பட்டியலில் ஆங்கில எழுத்து மட்டும்தான் வரும் என்பதால் ஆங்கில எழுத்தில் தமிழை எழுதுவான். ‘ஓட்டக் கார்’. ‘மொட்டையன் சண்டை’. விதுர்ஷாவுக்குக் குதிரை ஓட்டுகிற கேம் ஒன்று போட்டுத் தருகிறேன் என்று சொல்லியிருந்தான். வெள்ளத்தில் மீன் ஏறுது, ஒரு வீச்சு வீசிப்போட்டு வந்து போட்டுத் தாறன் என்று வலையைத் தோளில் போட்டுக்கொண்டு போனான். தோணி அன்றைக்கே கரை ஒதுங்கியது. அவனை மூன்றாம் நாள் கரையோரக் கண்டல் மர வேருக்குள் இருந்து எடுத்தார்கள்.

அன்றிலிருந்து விதுர்ஷாவின் வாய் மூடிக்கொண்டது. சோற்றைக் கையில் உருட்டி வைத்துக்கொண்டு டீவியைப் பார்ப்பாள். பொறுத்துப் பாருங்கோ என்றார் டொக்டர். புருசன் கட்டாரிலிருந்து ஒவ்வொரு நாளும் போன் எடுத்து, பேசினாளா, பேசினாளா என்று கேட்டான். இன்று காலையில் பிள்ளை பெட்டியைத் தொட்டு, சத்தமில்லாமல் வாயை மட்டும் அசைத்தாள். குதிரை. அதைப் பார்த்த கையோடு யசோதினி லப்டொப்பைத் திறந்துவிட்டாள்.

பென்னில் கேம் ஏற்ற அவளுக்குத் தெரியாது. ஆனால் போனில் பிரதீஸின் குரல் இருந்தது. போன வருடம் அவன் வாகரையில் வேலைக்கு நின்றபோது அனுப்பிய நான்கு வொய்ஸ் மெசேஜ். அதை ஒவ்வொன்றாகப் போட்டுக் கேட்டுச் செய்தாள்.

“அக்கா, முதல்ல பென்ன போமட் பண்ணு. மறுகா பெரிய ஃபைலத் துண்டு துண்டா வெட்டணும், இல்லாட்டி பென் எடுக்காது. காசு குடுத்துக் கேம் வாங்குறவன் மடையன், அக்கா.” பிறகு சிரிப்பு. கடைசி மெசேஜில்: “வாசிக்கக்குள்ள மட்டும் பென்னக் கழட்டிராத. அது பாட்டுக்கு வாசிச்சு முடியட்டும்.”

அந்தக் குரலைக் கேட்டுக் கண்ணைத் துடைத்துத் துடைத்துத்தான் வேலையை முடித்தாள்.

ஏழாவது வரி கிடந்துவிட்டுப் போகட்டும் என்று, மேலே ஏறி ‘விதுட குதிரை’யை அழுத்தினாள். திரை இருண்டு, பிறகு பச்சைப் புல்வெளி வந்தது. பழுப்புக் குதிரை ஒன்று தலையை ஆட்டியது. கொன்ட்ரோலரை மகளின் மடியில் வைத்தாள்.

“அம்மா,” என்றாள் விதுர்ஷா. “குதிரை ஓடுது.”

யசோதினி சுவரில் சாய்ந்து நின்று அழுதாள். பத்தொன்பது நாளில் அவள் பயமில்லாமல் அழுதது அப்போதுதான்.

பிள்ளைக்குப் பசிக்கும் என்று குசினிக்குப் போய் முட்டை பொரிக்க எண்ணெய் வைத்தாள். மழை கொஞ்சம் ஓய்ந்திருந்தது. ஓய்ந்ததால்தான் முன் அறையில் விதுர்ஷா பேசுவது கேட்டது. குதிரையோடு பேசுகிறாள் என்று முதலில் நினைத்தாள். ஆனால் பிள்ளை ஒரு வசனம் பேசி, நிறுத்தி, பதிலைக் கேட்பதுபோல் இருந்து, பிறகு அடுத்த வசனம் பேசினாள்.

“அது இல்ல. இஞ்சால. பாலத்துக்கு இஞ்சால.”

யசோதினி அடுப்பை அணைத்துவிட்டு வந்தாள். திரையில் குதிரை இல்லை. பட்டியல் இருந்தது. ஏழாவது வரியில் இப்போது இரண்டு ஆங்கில எழுத்து. வாசித்தால், ‘வா’.

“ஆரோட பேசினீங்க?”

“மாமாக்கு வழி தெரியல,” என்றாள் பிள்ளை, கண்ணை எடுக்காமல். “நான் காட்டுறன்.”

அப்போதுதான் அந்த மணம் வந்தது. காய்ந்த எண்ணெய் மணத்துக்குள்ளிருந்து, மெல்லமாக, வாவியின் அடிச் சேறு, தண்ணீரில் மிதந்து அழுகிய ஆற்றுவாழைத் தண்டு, பல நாள் காயாத வலை. யசோதினி குனிந்தாள். மணம் மகளின் மடியிலிருந்து வந்தது. கொன்ட்ரோலரின் இடப்பக்கக் குமிழைச் சுற்றி ஈரம் கசிந்து பிள்ளையின் சட்டையில் கறுப்பாக ஊறியிருந்தது.

அவளுக்குத் தம்பி செத்த எட்டாம் நாள் ஞாபகம் வந்தது.

எட்டாம் நாள் தம்பிக்குப் பிடித்ததெல்லாம் சமைத்து வாழையிலையில் படைத்தார்கள். இறால் குழம்பு, பொரித்த மணலை மீன், சோடாப் போத்தல். கொன்ட்ரோலரையும் இலையில் வைத்தது யசோதினிதான். ஒரு கையில் அதை வைத்துக்கொண்டுதானே மறு கையால் சாப்பிடுவான் என்று, யாரும் கேட்காமலே, அழுதுகொண்டு வைத்தாள். அவன் வந்து சாப்பிடட்டும் என்று கதவைச் சாத்திவிட்டு எல்லோரும் முற்றத்தில் நின்றார்கள். பிறகு கந்தப்போடிப் பெரியப்பா இலையோடு எல்லாவற்றையும் ஓலைப் பெட்டியில் எடுத்து வைக்கச் சொன்னார். வாவிக்கரையில் வைத்துவிட்டு வரவேண்டும்.

“வெச்சதெல்லாம் போகணும், புள்ள. ஒண்டும் கிறுகி வீட்டுக்குள்ள வரப்படாது.”

எல்லாம் போனது. கொன்ட்ரோலரை மட்டும் யசோதினி சேலைத் தலைப்புக்குள் எடுத்துக்கொண்டாள். வீட்டில் வேலை செய்கிற கொன்ட்ரோலர் அது ஒன்றுதான். அதுவும் போனால் விதுர்ஷாவுக்கு என்ன இருக்கிறது. அதைவிட, அவன் பெருவிரல் பட்டுத் தேய்ந்த குமிழைத் தண்ணீரில் விட அவளுக்கு மனம் வரவில்லை. யாரும் பார்க்கவில்லை.

படைத்ததைச் சாப்பிட வந்தவன், தன்னுடையது ஒன்று வீட்டுக்குள் போவதைப் பார்த்துக்கொண்டு கரையில் நின்றிருப்பான்.

லப்டொப் மேசையில் இருந்தது. அதில் பென்னைக் குத்தி மறுபடி பார்க்கலாம். வொய்ஸ் மெசேஜ் தானாக ஓடவில்லை, அவள் போனைத் தொடவுமில்லை, ஆனாலும் வாசிக்கக்குள்ள கழட்டிராத என்ற குரல் காதுக்குள் இருந்தது. பென்னின் சிறு சிவப்பு விளக்கு மினுங்கிக்கொண்டிருந்தது. எதையோ வாசித்துக்கொண்டிருந்தது.

அவள் பென்னைப் பிடுங்கினாள்.

பட்டியலிலிருந்து ஓட்டக் கார் போனது. மொட்டையன் சண்டை போனது. குதிரை போனது. ஒவ்வொன்றாக ஆறும் போயின.

ஏழாவது வரி போகவில்லை.

பென் அவள் உள்ளங்கையில் இருந்தது. திரையில் அந்த ஒரு பெயர் மட்டும், மஞ்சள் பட்டைக்குள். எழுத்துக் கூடியிருந்தது.

‘விது வா’.

யசோதினி போனை எடுத்துப் பெரியப்பாவின் இலக்கத்தை அழுத்தினாள். அவர் இருக்கிற சித்தாண்டியிலும் மழை, அவருடைய குரல் இரைச்சலுக்குள்ளிருந்து வந்தது.

“பெரியப்பா, எட்டில வெச்சதுல ஒண்ட நான் எடுத்துட்டன்.”

அவர் ஏசவில்லை. ஏசியிருந்தால் நல்லது.

“எங்க இரிக்கி அது இப்ப?”

“விதுட கையில.”

மழை இரைந்தது. “வாங்கு,” என்றார். “அவள்ர கையால தண்ணிக்குப் போகப்படாது. நீ கொண்டு போ. கொண்டு போய் வெச்சிட்டுக் கிறுகிப் பாராம வா. கேட்குதா புள்ள? பொழுது படமுன்ன...”

அவர் பேசுவது நின்று, இரைச்சல் மட்டும் வந்தது. பிறகு அதுவும் நின்றது.

ஜன்னலுக்கு வெளியே பொழுது பட்டு மைம்மலாகியிருந்தது.

டிக் என்று ஒரு பொத்தான் சத்தம்.

யசோதினி திரும்பினாள். விதுர்ஷா அழுத்திவிட்டாள்.

திரை முதலில் வெறும் கறுப்பு. பிறகு கறுப்பு அசைந்தது. தண்ணீர். தண்ணீருக்குள்ளிருந்து மேலே பார்க்கிற மாதிரி ஒரு மங்கல் வெளிச்சம். அது கிட்ட வந்து, உடைந்து, ஒரு கரை தெரிந்தது. கண்டல் வேர்கள். இடிபட்டுக் கிடந்த சிறிய பாலம். தலை இல்லாத தென்னை. வேலிக் கம்பி, அதில் சிக்கிய ஆற்றுவாழை.

இந்தக் கரை. இந்த ஒழுங்கை.

விதுர்ஷாவின் இடது பெருவிரல் குமிழை முன்னுக்குத் தள்ளியது. திரை முன்னுக்கு வந்தது. விரல் நின்றால் அதுவும் நின்றது. ஒரு அடி. இன்னொரு அடி. காலைச் சேற்றிலிருந்து பிடுங்குகிற சத்தம் டீவியில் கேட்டது.

வெளியிலும் கேட்டது.

அடுத்த வளவில் மாடு கத்தியது. கயிற்றை இழுத்துக் கத்தியது.

“தா அம்மாட்ட. விது, தா.”

“கொஞ்சம் பொறுங்க. கேற்றடிக்கு வந்துட்டார்.”

திரையில் கேற். அவர்களுடைய கேற். துருப்பிடித்த நீலம்.

யசோதினி மேசைக்குப் பின்னால் கையை விட்டு, மின்சார வயர்களைச் சுவரிலிருந்து பிடுங்கினாள். டீவி செத்தது. பெட்டியின் விளக்கு செத்தது. உள்ளே சுற்றிய சத்தமும் நின்றது. அதோடு வீட்டு விளக்கும் அணைந்தது.

இருட்டு. மழைகூட இல்லை.

அந்த அமைதியில் குமிழ் அசைகிற சத்தம். ரப்பரில் ஈர விரல் தேய்கிற சத்தம். விதுர்ஷா நிறுத்தவில்லை.

யசோதினி மண்டியிட்டு, இரண்டு கையாலும் கொன்ட்ரோலரைப் பிடித்தாள். ஐஸ் போல் குளிர். பிள்ளையின் விரல்களை ஒவ்வொன்றாக விரிக்கப் பார்த்தாள். விரிந்தால் மடங்கியது. மறுபடி விரித்தாள். மடங்கியது. விரல் நுனிகள் ஊறிச் சுருங்கியிருந்தன.

கொன்ட்ரோலர் வயரைப் பிடுங்குவோம் என்று பெட்டியின் முன்புறத்தைத் தடவினாள். குத்துகிற துளை இருந்தது.

அதில் வயர் இல்லை.

கையால் வயரைத் தேடிப் பிடித்து, அதன் வழியே போனாள். மடியிலிருந்து பாய். பாயிலிருந்து தரை. மேசைப் பக்கம் போகவில்லை. வாசல் பக்கம் போனது. ஆறு முழம்கூட இல்லாத வயர், சிமெந்துத் தரையில் நேராக, வழுவழுப்பாக, பாசி பிடித்து, கதவுக்கு அடியால் வெளியே போனது.

தொய்வு இல்லை. விறைத்து நின்றது.

யசோதினி பாய்ந்து வந்து மகளின் இடுப்பைக் கட்டிக்கொண்டாள்.

வயர் இழுபட்டது. ஒரு இழுவை, ஒரு நிறுத்தம். வீசிய வலையைக் கை மாற்றி மாற்றிக் கரைக்கு எடுப்பதுபோல. அவசரமே இல்லை.

“விது, விட்டுரு. அம்மா சொல்றன், விட்டுரு.”

விதுர்ஷா சிரித்தாள். பத்தொன்பது நாளுக்குப் பிறகு முதல் சிரிப்பு.

“இப்ப நேர வாங்க, மாமா,” என்றாள் மெதுவாக. பெருவிரல் முன்னுக்குத் தள்ளியது.

கதவுக்கு அடியால் தண்ணீர் வந்து யசோதினியின் முழங்காலைத் தொட்டது. அவள் குதிகாலைத் தரையில் ஊன்றி, பிள்ளையை நெஞ்சோடு இறுக்கி, பின்னுக்குச் சாய்ந்தாள்.

பாய் இன்னும் ஒரு சாண் கதவுப் பக்கம் நகர்ந்தது.