இறங்காத பால்

புது ஆள் கொட்டகைக்குள் நுழைந்தும் மாடு திரும்பிப் பார்க்கவில்லை. கால்நடை மருத்துவர் பொற்கொடிக்கு அது சரியாகப் படவில்லை.

சோமனூர் விசைத்தறிகளின் சடசடப்பு சுவர் வழியாக வந்துகொண்டே இருக்க, சாணமும் புளித்த தவிட்டுத் தண்ணீரும் மணக்கும் அந்த அந்தி இருட்டில், மாடு மூலையில் கிடந்த வைக்கோலையே பார்த்தபடி, காதுகளைப் பின்னால் மடித்து, வாலைக் காலிடுக்கில் செருகிக்கொண்டு நின்றது.

"கன்னு செத்ததுல இருந்து பால் எறங்கலீங்க, அம்மணி. ஒரு ஊசி போட்டுட்டுப் போங்க," என்றாள் மாட்டுக்காரி பழனியாத்தாள், வாசலிலேயே நின்றபடி.

"உள்ள வந்து புடிச்சுக்கங்க்கா."

"நான் வரலீங்க."

பொற்கொடி மடியைத் தொட்டாள். கல்லாய் இறுகிக் கொதித்தது. இப்படியே விட்டால் மாடு பிழைக்காது. ஆனாலும் ஊசியை எடுக்கவில்லை. பயந்த மாடு பாலை அடக்கிக்கொள்ளும். பயம் எதனால் என்று தெரியாமல் ஊசி போட்டுப் பிரயோஜனம் இல்லை.

கழுத்தைத் தடவிக் கொடுத்தாள். மாடு வாயைத் திறக்காமல் தொண்டைக்குள் முனகியது. பக்கத்தில் நிற்கும் கன்றைத் தாய் கூப்பிடும் குரல். ஆனால் கன்றைக் கூப்பிடும் மாடு முன்னால் போகும். இது, கயிறு கழுத்தை இறுக்க இறுக்க, பின்வாங்கியது.

"கன்னை எங்கீங்க்கா பொதைச்சீங்க?"

"தோட்டத்துலதானுங்க." பழனியாத்தாள் வைக்கோல் மூலையைப் பார்த்தாள். "பொழுது எறங்குனா வந்துருதுங்க."

கரண்ட் போனது. தறிகள் ஒரே மூச்சில் அடங்கின.

வைக்கோல் சரசரத்தது. அங்கே எதுவும் இல்லை. சரசரப்பு நெருங்கியது. மாட்டின் கால்கள் வெடவெடத்தன.

பால் இறங்கியது. தானாக. ஒரு காம்பு நீண்டது. சுருங்கியது. மறுபடி நீண்டது. சப்பும் சத்தம். தரையில் ஒரு சொட்டு இல்லை.

மாடு சொல்வது பொற்கொடிக்கு இப்போது முழுதாகப் புரிந்தது. அவிழ்த்துவிடு. அவ்வளவுதான். கயிற்றைப் பிடித்தாள். முடிச்சு அசையவில்லை.

"அவுக்காதீங்க, அம்மணி!" பழனியாத்தாள் அழுதாள். "மாடு இல்லீன்னா ஊட்டுக்குள்ள வந்துருமுங்க."

கதவை இழுத்துச் சாத்தினாள். வெளியே தாழ்ப்பாள் விழுந்தது.

"அக்கா! கதவத் தொறங்க!"

மாடு முழங்கால் மடிந்து சரிந்தது. மூச்சு நின்றது. சப்பும் சத்தமும் நின்றது.

இருட்டில், தொங்கிய அவள் கையை ஏதோ முகர்ந்தது. ஈர மூக்கு. சொரசொரப்பான நாக்கு விரல்களைச் சுற்றி வளைத்தது. மெல்ல, பசியோடு, சப்பத் தொடங்கியது.