லூத்விக்கின் பந்து ஏன் விழவில்லை?

யாத்விகாவுக்கு ‘ஏன்’ என்று கேட்காவிட்டால் தலையே வெடித்துவிடும். ரொட்டி ஏன் உப்புகிறது, நிலக்கரி ஏன் கறுப்பாக இருக்கிறது என்று கேட்டுத் துளைத்துவிடுவாள். ஆனால் இந்த வாரம் முழுக்க அவளிடம் ஒரே ஒரு ‘ஏன்’தான் இருந்தது.

அண்ணன் எறியும் பந்து ஏன் கூடையில் விழவில்லை?

அண்ணன் லூத்விக், மில்கிரீக் ஊரின் கூடைப்பந்துக் குழுவில் சம்பளத்துக்கு ஆடினான். சுரங்கத்தில் கரி வெட்டாமல், பந்து போட்டே பிழைக்கிறானே என்று பென்சில்வேனியாவின் பாதி ஊர்கள் அவன்மேல் கண்வைத்திருந்தன. அந்தக் காலத்தில் எதிரணி ஃபவுல் செய்தால் கிடைக்கும் இலவச எறிகளை எல்லாம் குழுவில் ஒரே ஆள்தான் எறிவான். மில்கிரீக்குக்கு அந்த ஆள் லூத்விக்.

அவன்தான் இப்போது தப்புத் தப்பாக எறிந்துகொண்டிருந்தான். குழுவின் மேலாளர் பிராடி காலையில் வீட்டுக்கே வந்துவிட்டார்.

“இன்னிக்கும் கோட்டை விட்டேன்னா வேற ஆளைப் பாத்துக்குவேன். நீ மறுபடி சுரங்கத்துக்கே போயிடலாம்.”

அவர் போனதும் லூத்விக், விரல்கள் இளகட்டும் என்று வாத்துக் கொழுப்பை எடுத்துக் கையில் தேய்க்க ஆரம்பித்தான்.

“கொல்லையில எறியறப்ப ஒண்ணுகூடத் தப்பலையே அண்ணே?” என்றாள் யாத்விகா.

“அதான் எனக்கும் புரியல. கைராசியே போயிடுச்சு.”

“ஆட்டத்துல எப்பவுமே தப்புதா?”

அவன் யோசித்தான். “இல்ல. ரெண்டாம் பாதியிலதான்.”

“ஏன்?”

“தெரிஞ்சா நான் எதுக்கு இந்தக் கொழுப்போட மல்லுக்கட்டறேன்?”

மாலையில் ஆட்டக்கூடம் நிரம்பி வழிந்தது. பந்து கூட்டத்துக்குள் பறந்துவிடாதபடி ஆடுகளத்தைச் சுற்றிக் கூண்டுபோலக் கம்பிவலை. கூடைகளும் அந்த வலையில்தான் மாட்டியிருந்தன. முதல் பாதியில் லூத்விக் வாசல் பக்கக் கூடையில் எறிந்தான். ஒன்றும் தப்பவில்லை. இடைவேளைக்குப் பிறகு குழுக்கள் பக்கம் மாறின. கூடத்தைச் சூடாக்கும் பெரிய அடுப்பு இருந்த பக்கக் கூடையில் அவன் எறிந்த முதல் பந்தே விளிம்பில் பட்டு வெளியே விழுந்தது.

மாடத்தில் உட்கார்ந்திருந்த யாத்விகா கண்ணைக் கசக்கிக்கொண்டாள். பந்து போய்ச் சேருவதற்கு முன்பே கூடை நடுங்கியதே!

படிகளில் தடதடவென்று இறங்கி, கூட்டத்துக்குள் நுழைந்து, அடுப்புப் பக்கம் போனாள். அங்கே ரொட்டிக்கடை சோபோல் அத்தை இரண்டு கைகளாலும் வலையைப் பிடித்தபடி நின்றிருந்தாள்.

“என்ன பண்றீங்க அத்தை?”

“பாத்தா தெரியல? எதிரிக்காரன் எறியறப்ப வலையை ஆட்டறேன். இது எதிரிங்க கூடைன்னு, போன வாரம் நான் ஆட்டம் பாக்க வந்த முதல் நாளே எனக்குச் சொல்லிட்டாங்க.”

“பாதியில பக்கம் மாறுவாங்களே?”

ஒரே கூச்சலில் அத்தைக்கு அது காதில் விழவில்லை.

“எறியறது யாருன்னு உங்களுக்குத் தெரியுதா?” என்று யாத்விகா அவள் காதருகே கேட்டாள்.

“எல்லாம் ஒரே மங்கலாத்தான் இருக்கு. கண்ணாடி போட்டா மூக்கு பெருசாத் தெரியுதுடி. விழலன்னா ஜனங்க சந்தோஷமாக் கத்தறாங்கல்ல, அது போதாதா?”

அப்படிக் கத்தியவர்கள் ரயிலேறி வந்திருந்த எதிரூர்க்காரர்கள்.

யாத்விகா வாயைத் திறந்தாள். அத்தையின் முகத்தில் ஊருக்கே உழைத்த பெருமை. இங்கே உண்மையைச் சொன்னால் கூடமே சிரிக்கும். திறந்த வாயை மூடிக்கொண்டாள்.

விசில் ஒலித்தது. ஃபவுல். இரண்டு பக்கமும் சமப்புள்ளி, ஆட்டம் முடியும் நேரம். லூத்விக் கோட்டில் வந்து நின்றான். அத்தையின் விரல்கள் வலையை இறுக்கின.

“அத்தை, எனக்குப் பயமா இருக்கு. உங்க கையைப் பிடிச்சுக்கட்டுமா?”

“இப்பவா?”

“இப்பத்தான். ரெண்டு கையையும் குடுங்க.”

அத்தை வலையை விட்டாள். யாத்விகா அந்த மாவு வாசனைக் கைகளை இறுகப் பற்றிக்கொண்டாள். பந்து எழும்பி, கூடையில் சுத்தமாக விழுந்தது. மில்கிரீக் கூட்டம் கூரை அதிரக் கத்தியது.

“யாருடி எறிஞ்சது?”

“எங்கண்ணன்.”

அத்தை கைகளை மெல்ல விடுவித்துக்கொண்டாள். பிறகு மெதுவாக, “போன வாரமும் அவன்தானா?” என்றாள்.

யாத்விகா தலையை மட்டும் ஆட்டினாள்.

ஆட்டம் முடிந்தால் நடனம் என்பது ஊர் வழக்கம். நாற்காலிகளை ஒதுக்கி, பிடில்காரர்கள் வாசிக்கத் தொடங்கினார்கள். லூத்விக் வியர்வை சொட்ட ஓடி வந்தான்.

“பாத்தியா, விழுந்துடுச்சு. இத்தனை நாள் என் கையில என்னதான் கோளாறு இருந்துச்சோ.”

“உன் கையில ஒண்ணுமில்ல அண்ணே.”

“பின்ன யார் கையில?”

ஒருவர் நேராகக் கேட்டும், விடை தெரிந்தும் யாத்விகா வாய் திறக்காதது அதுதான் முதல் தடவை.

“என் கையிலடா,” என்றாள் சோபோல் அத்தை. எல்லாவற்றையும் ஒரே மூச்சில் சொல்லி முடித்துவிட்டுத் தலையைக் குனிந்துகொண்டாள்.

லூத்விக் விழித்தான். பிறகு வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தான்.

“அந்தக் கையை இப்படிக் குடுங்க அத்தை. ஒரு ஆட்டம் போடலாம்.”

“எனக்குக் கண்ணு தெரியாதுடா. எங்கயாவது போய் முட்டிக்குவேன்.”

“நான் சொல்றேன்!” என்று யாத்விகா அவர்களுக்கு முன்னால் ஓடினாள். “இடது பக்கம் திரும்புங்க அத்தை. ம்... அப்படித்தான். தூண் வருது, தூண் வருது!”