பனிக்கண்ணின் இரண்டாம் மூச்சு

கல்லின் மேல் படிந்திருந்த ஆவியைத் துணியால் துடைத்தாள்; போகவில்லை. அழுத்தித் துடைத்தாள். துணியில் பொட்டு ஈரம்கூட ஒட்டவில்லை. அப்புறம்தான் அவளுக்கு உறைத்தது: ஆவி கல்லின் மேலே இல்லை, உள்ளே இருக்கிறது.

தண்ணீர் எடுக்கக் குளத்துக்குப் போகும்போது தெளிந்த கண்போல இருந்த கல் அது.

பெரிய சூரியன் மறைந்து, சின்னச் சூரியன் மட்டும் தெருக்கோடியில் அடுப்புத் தணலாய்க் கிடந்த நேரம். அந்த மலையடிவாரத்தில் எல்லா வீட்டுக்கும் விளக்கு கல்தான். மலையில் வெட்டி, சாணையில் தீட்டி, தண்ணீரில் முக்கிக் கூரையில் தொங்கவிட்டால் விடியும்வரை வெளிச்சம் தரும். கல்யாணம் ஆன நாளிலிருந்து தீட்டித் தீட்டி அவள் விரல் ரேகையே தேய்ந்துபோய்விட்டது. தீட்டுமுன் கல்லை வாயால் ஊதிப் பார்ப்பது தொழில் வழக்கம். போலியென்றால் ஆவி நிற்கும். நல்ல கல் உடனே தெளிந்துவிடும்.

காலையில் மேஸ்திரி இந்தக் கல்லை ஈரச் சாக்கில் சுற்றி, பிள்ளையைத் தூக்கி வருவதுபோல நெஞ்சோடு அணைத்துக்கொண்டு வந்தான்.

"பனிக்கண்ணு, அக்கா. எங்கப்பா பொறக்கறதுக்கு முன்னாடி ஒண்ணு கிடைச்சுதாம். அதுக்கப்புறம் இதான்."

"ஊதிப் பார்க்கலாமில்ல?"

"ஒரு தடவை. ரெண்டாவது மூச்சு மேல படவே கூடாதுன்னு மலையில சொல்லி அனுப்பியிருக்காங்க."

"பட்டா?"

"பட்டவங்க யாரும் வந்து சொல்லலையே." சிரித்தான். "நான் வர்ற வழியெல்லாம் மூச்சப் புடிச்சிட்டு வந்தேன். பாரு, மூஞ்சி எப்படி வீங்கிக் கிடக்குன்னு."

"அது எப்பவும் அப்படித்தானே இருக்கு."

விளக்கு வைக்கும் நேரத்துக்கு வந்து எடுத்துக்கொள்வதாகச் சொல்லிவிட்டுப் போனான். அவளும் ஒரு தடவைதான் ஊதினாள். கண்ணிமைக்கும் முன் தெளிந்தது. சத்தியமாக ஒரு தடவைதான்.

மூலையில் பாயில் மகள் சுவரைப் பார்த்துப் படுத்திருந்தாள். குருவி என்றுதான் கூப்பிடுவது. இழுப்பு நோய். ஒவ்வொரு மூச்சுக்கும் நெஞ்சுக்குள் ஒரு குஞ்சு கத்துவதுபோலக் கீச் கீச்சென்று கேட்கும். அதனால் வந்த பெயர். சாணை சுற்றும் இரைச்சலிலும் தாயின் காது அந்தக் கீச்சைத் தேடிப் பிடித்துக்கொண்டே இருக்கும். அது கேட்டால் பிள்ளை இருக்கிறாள். கேட்காவிட்டால், கையில் இருப்பதைப் போட்டுவிட்டு ஓட வேண்டும். புருஷனும் போன பிறகு அவளுக்கு இந்த உலகத்தில் மிச்சம் இருந்தது அந்தச் சத்தம்தான்.

குருவிக்கு விளையாட்டும் அம்மாவின் வேலைதான். கரண்டி, சொம்பு, உடைந்த கண்ணாடி, எது கிடைத்தாலும் ஊதிப் பார்த்து, "இது போலி, வேணாம்" என்று மேஸ்திரியின் குரலில் தள்ளிவைப்பாள். ஊதக் கற்றுக்கொடுத்தது தாய்தான்.

குடத்தை இறக்கி வைத்தபோதே கீச்சுச் சத்தம் காதில் விழுந்தது. அதனால் மனசு நிம்மதியாகத்தான் இருந்தது. இப்போது கல்லைக் கையில் வைத்துக்கொண்டு நிற்கும்போது, ஈர மண்ணும் சாணைத் தூளும் கலந்த அந்த வீட்டு வாசனைக்கு நடுவில், மகளுக்குப் பிழிந்து கொடுத்த கசப்பு மருந்தின் வாடை எங்கிருந்தோ மெல்ல எழுந்து மூக்கில் ஏறியது. மகள் பக்கம் திரும்பினாள். வாடை குறைந்தது. கல் பக்கம் குனிந்தாள்.

வாடை கல்லிலிருந்து வந்தது.

கீச்.

உள்ளே ஆவி விரிந்தது. சுருங்கியது.

கீச்.

விரிந்தது. சுருங்கியது. உள்ளங்கையில் சின்னத் துடிப்பு, கோழிக்குஞ்சைப் பிடித்திருப்பதுபோல.

கல்லை மேசையில் வைத்தாள். பாய்க்குப் போய் மகளின் தோளைத் தொட்டுத் திருப்பினாள். குருவியின் கண் திறந்திருந்தது. முகம் தெளிவாக இருந்தது. பிறந்ததிலிருந்து அந்த முகம் இவ்வளவு நிம்மதியாக இருந்து அவள் பார்த்ததில்லை.

"என்னடி பண்ணின, கண்ணு?"

"நீ ஊதினத நான் பார்க்கலல்ல. அதான் நானும் ஊதிப் பார்த்தேன். நல்ல கல்லுதாம்மா." உதடு சிரித்தது. "இப்ப இழுக்கவே இல்ல. கொஞ்சம்கூட இல்ல."



உதடு முன்னால் அசைந்தது. குரல் முதுகுக்குப் பின்னாலிருந்து வந்தது.

மேசையிலிருந்து.

பக்கத்தில் கிடந்த கரண்டியை எடுத்துப் பிள்ளையின் மூக்கருகே பிடித்தாள். காத்திருந்தாள். கரண்டி பளபளத்தது. ஆவி இல்லை. நெஞ்சில் கை வைத்தாள். ஏறவில்லை. இறங்கவில்லை.

"கரண்டி போலியாம்மா?" என்றது மேசை.

வாசலில் செருப்புச் சத்தம். கதவு தட்டும் ஓசை.

"அக்கா, கல்லு ஆச்சா? ராத்திரியே விளக்குத் துண்டாப் பொளக்கணுமாம், உளியெல்லாம் எடுத்து வச்சிட்டாங்க."

கல்லுக்குள் கீச்சு வேகமாயிற்று. கீச் கீச் கீச். பயந்தால் குருவிக்கு இப்படித்தான் மூச்சு வாங்கும்.

"குடுத்துடாதம்மா."

கொடுக்க மாட்டாள். ஒளிக்க இடமில்லை. கதவின் கொண்டி ஆடியது. ஊதினால் உள்ளே போகிறதென்றால், உறிஞ்சினால் வெளியே வர வேண்டும். வந்தே ஆக வேண்டும். வாயில் வாங்கி மகளின் வாயில் ஊதிவிடலாம். அவ்வளவுதான். இரண்டடி தூரம்தான். கல்லைத் தூக்கி உதட்டோடு வைத்து, நெஞ்சில் இருந்ததையெல்லாம் காலி பண்ணிவிட்டு, உறிஞ்சினாள்.

குளிர். தொண்டை வழியாக. கசப்பாக. அடிநெஞ்சு வரை.

கல் தெளிந்தது.

பாய்க்கு ஓடினாள். மகளின் வாயோடு வாய் வைத்து ஊதினாள். போகவில்லை. மறுபடியும் ஊதினாள். அவள் மூச்சுத்தான் போயிற்று. அதுவும் அப்படியே திரும்பி வந்தது. கல்லிலிருந்து உறிஞ்சியது அசையவில்லை. அவளுக்குள் இடம் பார்த்து உட்கார்ந்துவிட்டது.

கீச்.

அவள் நெஞ்சில்.

"அக்கா, உள்ள இருக்கியா?"

இருக்கிறேன் என்று சொல்ல வாயைத் திறந்தாள். பாயில் குருவியின் உதடு அசையத் தொடங்கியது. ஆனால் தாயின் தொண்டைக்குள்ளிருந்து, தாயின் நாக்கைப் புரட்டி, தாயின் வாய் வழியாகவே, பிஞ்சுக் குரல் வந்தது.

"அம்மா, இங்க இருட்டா இருக்கு. கல்லுலேர்ந்து என்னோட வேற யாரோ வந்திருக்காங்கம்மா."