மேல்தளத்தில் யாரும் இல்லை

படச்சுருளை அறுத்தது வேறு யாருமல்ல, துண்டுப்படக்காரர்தான். வரலாற்றுப் படம் எடுக்கிறவர்களுக்குப் பழைய காட்சிகளைத் தேடிக் கொடுப்பது அவர் பிழைப்பு. பட்டப்பெயரும் அப்படி ஒட்டிக்கொண்டதுதான். சுருளைப் படம் ஓட்டிப் பார்க்கும் மேசை இயந்திரத்தில் மாட்டி, முன்னால் ஓட்டுவதற்குப் பதில் பின்னால் முடுக்கிவிட்டார். பட்டென்று ஒரு சத்தம்.

“இருபது வருஷ அனுபவம்னீங்களே, எதுல?” என்றாள் படக்கிடங்கைப் பார்த்துக்கொள்ளும் அக்கா.

“இதுலதான்க்கா. அறுக்கறதுல.”

ஜன்னலில்லாத குளிர் அறை. கெட்டுக்கொண்டிருக்கும் சுருள்களின் புளிப்பு வாடை மூக்கில் ஏறியது. கிழிந்த இரண்டு ஃபிரேம்களை வெட்டியெடுத்து, முனைகளை டேப்பால் ஒட்டிக் கொடுத்தாள் அக்கா.

முப்பத்தாறு வருஷத்துக்கு முன் மூழ்கிப்போன பயணிகள் கப்பல், கடைசியாகத் துறையை விட்டுப் புறப்படும் காட்சி. ஆவணப்படத்துக்குப் பன்னிரண்டு விநாடி போதும். அவருக்கு வேண்டியது வேறு. அதே நாள் காலையில்தான் அவர் அப்பா வீட்டைவிட்டுப் போனார், திரும்பவில்லை. பயணிகள் பட்டியலிலும் பெயரில்லை. மூழ்கினாரா, குடும்பத்தை உதறிவிட்டு ஓடினாரா? அம்மாவைக் கேட்டால், “முதல்ல சாப்பிடு.” மாமாவைக் கேட்டால், “மழை வரும் போலருக்கே.” கேட்டுக் கேட்டுத் தொப்பை வந்ததுதான் மிச்சம்.

படம் ஓடியது. மேல்தளத்தின் மூலையில் ஓர் ஆள், முதுகைக் காட்டிக்கொண்டு.

“யாருக்கா அது?”

சுருள் டப்பாவிலிருந்த குறிப்பு அட்டையை எடுத்தாள் அக்கா. அவளே எழுதி வைத்தது. ‘கப்பல் புறப்பாடு. மேல்தளத்தில் யாரும் இல்லை.’

“தூசியா இருக்கும்,” என்றாள். குரல் இறங்கிவிட்டது.

மறுபடி ஓட்டினார்.

ஆள் பாதி திரும்பியிருந்தார்.

மூன்றாவது முறை ஓட்டக் கை வரவில்லை. ஆனாலும் ஓட்டினார்.

முகம்.

அப்பாவுக்கு முப்பதுதான் இருக்கும். இவருக்கு நாற்பத்துநாலு. மகனைவிடச் சின்னவராகிவிட்ட அப்பா, அந்த மகனுக்கு வாய்க்காத அடர்ந்த முடியோடு, கண்கொட்டாமல் பார்த்தார். கப்பல் தள்ளிப் போகப் போகச் சிறுத்தது.

அவர் மட்டும் சிறுக்கவில்லை.

“நிறுத்துங்க,” அக்கா கிசுகிசுத்தாள்.

“அப்பவே நிறுத்திட்டேன்க்கா.”

சக்கரங்கள் அசையவில்லை. படத்தில் கடல் அசைந்துகொண்டிருந்தது.

இந்த வயசில் அழுதால் அசிங்கம் என்று உதட்டைக் கடித்துப் பார்த்தார். முடியவில்லை. எட்டு வயசுப் பையனின் கேள்வி, நாற்பத்துநாலு வயசுத் தொண்டையிலிருந்து கரகரவென்று வந்தது.

“அப்பா... எங்கள விட்டுட்டு ஓடிட்டீங்களா?”

ஒலியே பதியாத ஊமைப் படம் அது. மேசையில் ஸ்பீக்கரும் கிடையாது.

“ஓடலடா,” என்றது அவர் காதோரம் ஈரமான ஒரு குரல். “சாயங்காலமே வந்துடலாம்னுதான் கடைசி நிமிஷத்துல தாவி ஏறினேன். சீட்டு வாங்கக்கூட நேரமில்ல. அம்மாகிட்ட சொல்லு.”