மேஸ்திரி வீட்டுச் சிம்மாசனம்

"இறங்காதீங்க! மணல் சரியுது!" என்று ஹசன் கத்தி முடிப்பதற்குள் ஒளிப்பதிவாளன் செல்வின் கேமராவோடு குழிக்குள் போய்விட்டான். அவன் சட்டையை எட்டிப் பிடித்த குயிலியும் போனாள். குயிலியின் இடுப்பில் கட்டிய கயிற்றைப் பிடித்திருந்த ஹசனும் உருண்டான். தலைக்கு மேலே மணல் சரிந்து வழியை அடைத்தது. ஒரே கும்மிருட்டு!

குயிலி திருநெல்வேலிக்காரி, தொல்லியலாளர். அந்தக் காலத்து எகிப்தியர் என்ன தின்றார்கள், எப்படித் தூங்கினார்கள் என்று பாலைவனத்திலிருந்தே நேரலையில் சொல்லிவந்தாள். பார்த்தவர்களோ, "ரொட்டி சுட்ட கதை போதும், தங்கம் எங்கே?" என்றே கேட்டார்கள். இன்று புதையலைக் காட்டாவிட்டால் நிகழ்ச்சியே கிடையாது என்று தொலைக்காட்சியிலும் சொல்லிவிட்டார்கள்.

"மச்சி, நாம காலி!" என்றான் ஹசன். கெய்ரோக்காரனான அந்த வழிகாட்டி சென்னையில் படித்தவன். விடுதியில் கற்ற தமிழில் அவனுக்கு எல்லாருமே மச்சிதான்.

செல்வின் டார்ச்சை அடித்தான். சுற்றிலும் பானைகள். "எக்கா, இது கல்லறையா?"

குயிலி டார்ச்சை வாங்கினாள். சுவரைத் தடவிப் பார்த்தாள். "இல்லலே, வீடு. நாம விழுந்தது பானை வைக்கிற நிலவறை. இதுக்கு மேல அடுப்படி இருக்கும். அங்கயிருந்து மாடிக்குப் படி போகும்."

ஊருக்கெல்லாம் எத்தனையோ முறை சொன்ன பாடம்தான். ஆனால் அதை நம்பி உயிரைப் பணயம் வைப்பது இதுதான் முதல்முறை!

பானைகளுக்குப் பின்னால் படி இருந்தது! ஏறினார்கள். கரி படிந்த அடுப்பும் இருந்தது! ஆனால் மாடிப்படியை மணல் மூடியிருந்தது. செல்வின் ஒரு பானையைத் தூக்கி மணலை அள்ளப் போனான்.

"வைலே அதை! மூவாயிரம் வருசத்துப் பானை!"

"உசிரு போகுதுக்கா!"

"போனாலும் பானை உடையக் கூடாது. கையால அள்ளு!"

ஹசன் ஷூவைக் கழற்றி அள்ளினான். மூச்சு முட்ட முட்டத் தோண்டினார்கள். திடீரென்று மணல் பொலபொலவென்று உதிர்ந்தது. வெளிச்சம்! காற்று! கூடவே செல்வினின் நேரலைக் கருவிக்குச் சிக்னலும் வந்துவிட்டது. அந்த வெளிச்சத்தில் மூலையில் ஒரு கல் இருக்கை பளபளத்தது.

"சிம்மாசனம்!" என்று நேரலையில் அலறினான் செல்வின்.

பார்வையாளர்கள் குவிந்தார்கள். குயிலி குனிந்து பார்த்தாள். இருக்கையின் நடுவில் ஓர் ஓட்டை. பக்கத்தில் கல்லுளியும் அளவுக் கயிறும்.

"ராஜா சீட்டுன்னே சொல்லிடு மச்சி, ஷோ தப்பிச்சிடும்," என்று காதைக் கடித்தான் ஹசன்.

குயிலி கேமராவை நேராகப் பார்த்தாள். "மக்களே, இது சிம்மாசனம் இல்ல. கல்லறை கட்டுன மேஸ்திரி வீட்டுக் கக்கூசு."

 உடனே கேள்விகள் மழையாய்க் கொட்டின! தண்ணீர் ஊற்றினார்களா? "இல்ல, அடியில மணல் சட்டி." கதவு உண்டா? கால் மரத்துப் போகாதா? பொழுது சாயும்வரை அவளை நகரவே விடவில்லை. தங்கத்தைப் பற்றி ஒருவர்கூடக் கேட்கவில்லை.

நிகழ்ச்சி பிழைத்தது. அருங்காட்சியகத்தில் அந்த இருக்கையை வைத்தபோது, பொன் நகைகளைத் தாண்டி வந்து கூட்டம் அதைச் சுற்றி நின்றது. ராஜாவின் கிரீடத்தில் யாருக்கும் பங்கில்லை. மேஸ்திரியின் காலை அவசரம் எல்லாருக்கும் தெரிந்ததுதானே! குயிலி கூட்டத்துக்குள் புகுந்து, சிரித்துக்கொண்டே விளக்கத் தொடங்கினாள்.