செத்தவர் சட்டையில் ஒன்றரை இஞ்ச்!

"ஐயோ…! இவர்தான்… என் வீட்டுக்காரர்தான்!"

சவக்கிடங்கே அதிர்ந்தது.

ஆற்றில் மிதந்து வந்த உடல். முகத்தை மீன்கள் விட்டு வைக்கவில்லை. நீலக் கோடு போட்ட முழுக்கைச் சட்டை. விரலில் மோதிரம்.

அழுதவள் தையல் கம்பெனி முதலாளியின் மனைவி. அவளைத் தாங்கிப் பிடித்திருந்தவர் குடும்ப வக்கீல்.

வாசலில் விறைத்து நின்றவள், அதே கம்பெனியில் பதினோரு வருடம் தைத்தவள். கழுத்தை விட்டு இஞ்ச் டேப் இறங்காது. அதனால் எல்லோருக்கும் அவள் 'டேப்பக்கா'.

நாற்பத்திரண்டு தையல்காரிகள். மூன்று வருடச் சம்பள பாக்கி. கோர்ட் உத்தரவு போட்டும் முதலாளி கொடுக்கவில்லை. விடாமல் அவமதிப்பு வழக்குப் போட்டவள் டேப்பக்காதான். நாளைக் காலை பத்தரைக்குள் பணம் கட்டாவிட்டால் முதலாளிக்கு ஜெயில்!

ஜெயிலுக்குப் போக வேண்டியவர் மேஜை மேல் கிடக்கிறார்…

"வேற யாராவது பாக்கணுமா?" இன்ஸ்பெக்டர் கொட்டாவி விட்டார்.

"நான் பாக்கணும் சார்."

"நீ யாரும்மா?"

"அந்தச் சட்டையைத் தைச்சவ."

பக்கத்தில் போனாள். குனிந்தாள். சட்டெனத் திரும்பினாள்.

"சார்… இது முதலாளி இல்ல!"

"என்ன உளர்றே?"

"அவருக்கு இடது கையை விட வலது கை ஒன்றரை இஞ்ச் நீளம். அதுக்குத் தக்கபடிதான் சட்டைக்குக் கை வைப்பேன். இங்க பாருங்க… இடது கை மணிக்கட்டோட நிக்குது. வலது கை உள்ளங்கை வரைக்கும் தொங்குது. சட்டை அவரோடது. உள்ள இருக்கிறது வேற ஆளு!"

வக்கீல் சிரித்தார். "தண்ணில ஊறினது சார். தொங்கத்தான் செய்யும்."

"ஒரு கை மட்டுமா ஊறுச்சு?"

"கட்டின பொண்டாட்டியே சொல்லியாச்சு. நீ சொல்றதையா எழுதணும்? கிளம்பும்மா!" இன்ஸ்பெக்டர் ஃபைலை மூடினார்.

வக்கீல் அவள் பக்கம் சாய்ந்தார். "ஆளும் போயாச்சு, கேஸும் போச்சு. சொத்து முழுக்க முதலாளியம்மா பேர்ல. போய்ப் பட்டன் தைக்கிற வேலையைப் பாரு."

டேப்பக்காவுக்கு உடம்பெல்லாம் பற்றி எரிந்தது. மூன்று வருடம் நாயாய் அலைந்தது இதற்கா? விடுவதா இவர்களை!

வெளியே வந்தாள். காரில் சாய்ந்து சிகரெட் பிடித்துக்கொண்டிருந்தான் முதலாளியின் டிரைவர். இருபது வருட விசுவாசி. முதலாளி பிணமாகக் கிடக்கும்போது… இழுப்புக்கு நடுவே விசில் வேறு!

அவளுக்கு அது போதாதா?

"தம்பி, விஷயம் தெரியுமா? அம்மா கம்பெனியை விலை பேசி முடிச்சாச்சாம். நாளைக்கு வக்கீலோட வெளிநாடு கிளம்புறாங்களாம். ரெண்டு டிக்கெட்!"

சிகரெட் விழுந்தது.

"யா… யாருக்கா சொன்னா?"

"எல்லாரும்தான் பேசிக்கிறாங்க. செத்தவரு எந்திரிச்சு வந்து கேக்கவா போறாரு?"

கார் பறந்தது. முதலாளியம்மா இன்னும் உள்ளேதான் அழுதுகொண்டிருந்தாள்.

மறுநாள். கோர்ட். மணி பத்து இருபத்தெட்டு.

"எதிர்மனுதாரர் இறந்துவிட்டார். போலீஸ் ரிப்போர்ட்டோடு இன்ஸ்பெக்டரே வந்திருக்கிறார். வழக்கை முடித்து வைக்க வேண்டுகிறேன்." வக்கீல் பவ்யமாகக் குனிந்தார். பின்னால் முதலாளியம்மா விசும்பிக்கொண்டிருந்தாள்.

நீதிபதி நிமிர்ந்தார். "நீங்க என்னம்மா சொல்றீங்க?"

"இன்னும் ரெண்டு நிமிஷம் இருக்குங்க ஐயா. பத்தரை ஆகட்டும்."

"என்ன திமிர்!" வக்கீல் சீறினார்.

"ஆமாங்க. மூணு வருஷமா சம்பளம் வாங்காத திமிரு!"

நீதிபதி பேனாவைத் திறந்தார்…

படார்! கதவு திறந்தது.

"அடிப்பாவி! நான் குத்துக்கல்லாட்டம் இருக்கேன்டி!"

முதலாளி! பின்னாலேயே டிரைவர்.

பாய்ந்து வந்து மனைவியின் கைப்பையைப் பிடுங்கிக் கவிழ்த்தார். சாவி, சீப்பு, கண்ணாடி… இரண்டு விமான டிக்கெட்! ஒன்றில் வக்கீல் பெயர்!

டேப்பக்கா வாயைப் பிளந்தாள். அவள் அவிழ்த்துவிட்ட டிக்கெட் புளுகு அப்படியே நிஜம்!

"அப்ப அந்தப் பிணம் யாரு?" இன்ஸ்பெக்டர் அலறினார்.

"காசு கொடுத்து வாங்கின அநாதைப் பிணம்! என் சட்டையை மாட்டி ஆத்துல விட்டோம். எல்லாம் இவன் கொடுத்த ஐடியா!" முதலாளி வக்கீலைப் பிடித்து உலுக்கினார்.

நீதிபதி கடிகாரத்தைப் பார்த்தார். பத்தரை!

"உயிரோட வந்ததுக்கு ரொம்ப சந்தோஷம். பணம் கட்டியாச்சா?"

முதலாளி சட்டைப் பையைத் தடவினார்.

"கட்டுற வரைக்கும் ஜெயில்ல இருங்க. யார் பேர்ல இருந்தாலும் கம்பெனியை ஜப்தி பண்ணி முதல்ல இவங்க நாற்பத்திரண்டு பேருக்கும் கொடுக்கணும். இன்ஸ்பெக்டர், அந்த ரெண்டு டிக்கெட்டையும் பத்திரமா எடுத்து வைங்க. அந்த ரெண்டு பேரையும்தான்!"

கான்ஸ்டபிள் முதலாளியின் தோளில் கை வைத்தார். டேப்பக்கா கண்ணைத் துடைத்துக்கொண்டு கூப்பிட்டாள்.

"சார்… ஜெயில்ல சட்டை தைக்கிறவங்ககிட்ட மறக்காம சொல்லிடுங்க. ஐயாவுக்கு வலது கை ஒன்றரை இஞ்ச் நீளம்!"